எடுக்காமல் விட்ட சிரிப்பு

பூசணிக்காய் வந்து இறங்கிவிட்டது, இன்னும் என் சிரிப்பை எடுக்கவில்லை. புரொடக்‌ஷன் ஆள் ஒருவர் பச்சைக் குழந்தையை ஏந்துவதுபோல அதை இரண்டு கையிலும் ஏந்திவந்து வேப்பமரத்தடியில் வைத்தார். உச்சியில் துளை போட்டுக் குங்குமம் அடைத்தாயிற்று, மேலே கற்பூரம் வைக்க இடமும் விட்டாயிற்று, சாயங்காலம் வெளிச்சம் போனதும் அதைக் கேமராவுக்குச் சுற்றித் தரையில் போட்டு உடைத்துவிட்டால் படப்பிடிப்பு முடிந்தது, எல்லாரும் கைதட்டிவிட்டு வேனில் ஏறிவிடுவார்கள். அதற்குள் நான் அந்தக் கேமராவைப் பார்த்துச் சிரிக்கவில்லை என்றால் செத்தது செத்ததுதான்.

நான் மாசியில் செத்தேன், இப்போது ஆனி. சினிமாவுக்காகத்தான் செத்தேன், கதாநாயகியின் தங்கையாக, பாடையில், மூக்கில் பஞ்சும் நெற்றியில் காசுமாக. சினிமாவில் யார் பிணமாகப் படுத்தாலும் ஷாட் முடிந்ததும் எழுந்து உட்கார்ந்து அதே கேமராவைப் பார்த்து ஒருமுறை சிரிக்க வேண்டும், அதையும் எடுக்க வேண்டும். படத்தில் அது வராது, ஆனாலும் எடுக்க வேண்டும், அப்போதுதான் சாவு கழியும். எங்கள் மேட்டுவாய்க்காலில் பால்குடி மறந்த பிள்ளைக்குக்கூட இது தெரியும். வாய்க்காலும் தென்னந்தோப்பும் பழைய தேர்முட்டியும் இருப்பதால் எங்கப்பா டவுசர் போட்ட காலத்திலிருந்தே சினிமாக்காரர்கள் இங்கே வந்துபோகிறார்கள். எங்கள் தபாலாபீஸ் போலீஸ் ஸ்டேஷனாக இருந்திருக்கிறது, ரேஷன் கடை ஆஸ்பத்திரியாக இருந்திருக்கிறது, எங்கள் வீட்டு முன்னறையில் யார்யாரோ தாலி கட்டிக்கொண்டும் விஷம் குடித்துக்கொண்டும் போயிருக்கிறார்கள். கூட்டத்தில் நிற்க ஆள் சேர்த்துவிடும் ஏஜென்ட் கிட்டுச்சாமி மாமா எத்தனையோ படத்தில் வெட்டுப்பட்டும் குத்துப்பட்டும் செத்து, ஒவ்வொரு தடவையும் எழுந்து பல்லைக் காட்டிச் சிரித்துவிட்டு டீ குடிக்கப் போயிருக்கிறார்.

என்னை மட்டும் சிரிக்கவைக்காமல் விட்டுவிட்டார்கள். விட்டவர் டைரக்டர் அருமைநாயகம் சார்.

அவரைப் பற்றிச் சொல்ல வேண்டும், ஏனென்றால் என் சாவு அவருடைய தொழிலில்தான் மாட்டிக்கொண்டிருக்கிறது. முதல் படத்தைப் பார்த்தவர்கள் எல்லாரும் புகழ்ந்தார்கள், ஆனால் பார்த்தவர்களே கொஞ்சம் பேர்தான். இரண்டாவது படத்தின் முடிவைத் தயாரிப்பாளர் மாற்றிவிட்டார், அந்தப் படத்தைச் சார் இன்றுவரை பார்க்கவில்லை, டிவியில் வந்தால் எழுந்து வெளியே போய்விடுவாராம். மூன்றாவது முடிந்தும் வெளிவராமல் எங்கேயோ பூட்டிக் கிடக்கிறது. தலை நரைத்த பிறகு நான்காவது கிடைத்தது. ‘இதுவும் போச்சுன்னா எனக்கு வேற எதுவும் தெரியாது சஷ்மி, சமையல்கூடத் தெரியாது’ என்று என்னிடமே சொன்னார். சஷ்மிதா என்பது என் பேர்.

அவர் என்னைப் பிடித்தது பஸ் ஸ்டாப்பில். நான் ஓர் ஆட்டைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தேன்.

“என்ன படிக்கிற?”

“படிக்கல.”

“ஏன்?”

“புடிக்கல.”

வீட்டில் வசதி இல்லையா, அப்பா குடியா என்றெல்லாம் எல்லாரும் கேட்பார்கள். அப்பா தேங்காய் லோடு ஓட்டுகிறார், குடிக்க மாட்டார், அம்மா நூல்மில்லுக்குப் போகிறாள், ஒரு குறையும் இல்லை. எழுந்து நில், உட்கார், எழுந்து நில், உட்கார் என்று பத்து வருஷம் சொன்னது போதும் என்று பதினொன்றாம் வகுப்பின் நடுவில் ஒருநாள் உட்காராமலே வீட்டுக்கு வந்துவிட்டேன். இதைச் சொன்னதும் அவர் மேலே எதுவும் கேட்காமல், “நடிக்கத் தெரியுமா?” என்றார்.

“தெரியாது.”

“நல்லது” என்றார்.

அவர் வேலை செய்கிற விதமே வேறு. எந்த ஷாட்டையும் இரண்டாவது தடவை எடுக்க மாட்டார். ‘மொத தடவை நடக்குது, ரெண்டாவது தடவை நடிக்கறாங்க’ என்பார். ஆக்‌ஷன், கட் என்று கத்தவும் மாட்டார். வலது கையைத் தலைக்கு மேலே தூக்குவார், கேமரா ஓட ஆரம்பிக்கும். கையை இறக்குவார், கேமரா நிற்கும். அவர் கை மேலே இருக்கிறவரை யாரும் எதையும் நிறுத்தக்கூடாது, காபி கொதித்துப் பொங்கினாலும் சரி, மழையே வந்தாலும் சரி. கேமராமேனுக்கு ஒரு கண் கேமராவில், ஒரு கண் அந்தக் கையில்.

நான் சாகவேண்டிய காட்சிக்கு முன்னால் பல நாள் என் பக்கத்தில் உட்கார்ந்து அவர் ஒன்றே ஒன்றைத்தான் கேட்டுக்கொண்டிருந்தார். நீ எதுக்கெல்லாம் சிரிப்பே? நானும் மறைக்காமல் சொன்னேன். பஸ்ஸில் ஏறிய ஆடு கண்டக்டர் கையிலிருந்த டிக்கெட்டைத் தின்றதும் அவர் அதனிடம் ‘எந்த ஊருக்கு?’ என்று கேட்டது. அப்பா தும்மினால் தெரு நாய் எழுந்து ஓடுவது. கணக்கு டீச்சர் பின்பக்கத்தில் வெள்ளையாகச் சாக்பீஸ் கை பதிந்திருக்க அவர் திரும்பி நின்று ஒழுக்கம் பற்றிப் பேசியது. எல்லாவற்றையும் சொல்லித் தீர்த்தேன். எதையும் எழுதிக்கொள்ளாமல், தலையை ஆட்டிக்கொண்டு, கடலைமிட்டாயைக் கடித்துக்கொண்டு கேட்டார். பாடையில் நான் படுத்ததும் குனிந்து என் காதில் சொன்னார்: “ஆட்ட விட்டுடு சஷ்மி. சரி, போயிடுச்சு. இப்ப அப்பா தும்மறத விட்டுடு. அதுவும் போயிடுச்சு. இப்ப டீச்சர.” அவர் சொல்லச் சொல்ல ஒவ்வொன்றாக விட்டேன், விட்டதும் அது போனது எனக்குத் தெரிந்தது, பை காலியாவதுபோல. பிறகு அவர் கேமரா பக்கம் போய்க் கையைத் தூக்கினார். சுற்றிலும் ஊர்ப் பெண்கள் அழுதார்கள், எங்கம்மாவும் அழுதாள், அவள் எந்தப் படத்திலும் நன்றாக அழுவாள். அழுகை முடிந்தது, வசனம் முடிந்தது, கை இறங்கவில்லை. ஈ ஒன்று என் இமையில் வந்து உட்கார்ந்தது, கை இறங்கவில்லை. எப்போது இறங்கியதோ எனக்குத் தெரியாது.

“சார், சிரிக்கிற ஷாட்” என்றார் மெர்சி அக்கா. அவர்தான் இணை இயக்குநர்.

“வேண்டாம் மெர்சி.”

“சார், வழக்கம் சார்.”

“இந்த முகம் எந்திரிச்சுச் சிரிச்சா நான் எடுத்தது பொய்யாயிடும். பேக்கப்.”

அம்மா கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு ஓடிவந்தாள். “ஏனுங் சார், புள்ளையச் சிரிக்க வெச்சு எடுத்துப்போட்டுப் போங்க சார், ஒரு நிமிசந்தானுங்க!” அதற்குள் கேமரா பெட்டிக்குள் போயாயிற்று, வேன் கதவை மூடுகிறார்கள். நான் எழுந்து பஞ்சைப் பிடுங்கிப் போட்டுவிட்டு, அம்மா கத்துவது வெட்கமாக இருந்ததால், அவள் முந்தானையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

அன்று பசிக்கவில்லை. மறுநாள் உடம்பு சில்லென்று இருக்கிறதே என்று துணை சுகாதார நிலையத்துக்குப் போனோம். நர்ஸ் வசந்தகோகிலம் அக்கா என் கையைப் பிடித்தார், விட்டார், மறுகையைப் பிடித்தார், காதில் மாட்டுவதை மாட்டி நெஞ்சில் வைத்துக் கேட்டார்.

“நாடி இல்லீங்க சாந்தாமணி” என்றார். “நெஞ்சும் அடிக்கல. மத்தபடி புள்ள நல்லாத்தான் இருக்குது.”

“அப்பத் தீட்டுங்களா?” என்றாள் அம்மா. “நாளைக்கு மில்லுல எனக்கு ஷிப்டு இருக்குதுங்க.”

“அதைப் பூசாரிகிட்டக் கேளுங்க. எங்கிட்ட பிரசர் பாக்கற மெஷின்தான் இருக்குது.”

பூசாரி கொஞ்சநேரம் தலையைச் சொறிந்துவிட்டு, சுடுகாட்டுக்குப் போகாத பிணத்துக்குத் தீட்டில்லை, ஆனால் கோயில் மணியை மட்டும் பிள்ளை தொடவேண்டாம் என்றார். அம்மா ஷிப்டுக்குப் போனாள். கிட்டுச்சாமி மாமா மட்டும் டீக்கடையில் உட்கார்ந்து போவோர் வருவோரிடமெல்லாம் சொன்னார்: “இது ஒண்ணும் வியாதியல்ல. சிரிச்ச ஷாட்ட எடுக்காம உட்டுப்போட்டாங்க, அவ்வளவுதான். படம் முடியறதுக்குள்ள எடுத்துப்போட்டாச் சரியாப்போயிரும். பூசணிக்கா ஒடஞ்சுதுன்னா மட்டும் ஒண்ணும் பண்ண முடியாது பாத்துக்கோங்க. முடிஞ்ச படத்துல செத்தவிய செத்தவியதான்.”

அதோடு ஊர் அடுத்த வேலையைப் பார்த்தது.

சித்திரை வெயில் வந்தது, நான் சில்லென்று இருப்பது எல்லாருக்கும் வசதியாகப் போய்விட்டது. காய்ச்சல் கண்ட குழந்தைகளைக் கொண்டுவந்து என் மடியில் போட்டுவிட்டு அம்மாக்கள் கடைக்குப் போனார்கள். மோர்ப்பானையை என் முதுகுக்குப் பின்னால் வைத்தார்கள். மல்லி அரும்பைச் சந்தைக்கு எடுத்துப் போகிறவர்கள் வண்டி வரும்வரை கூடையை என் காலடியில் வைத்துப் போனார்கள், சாயங்காலம்வரை ஒரு அரும்புகூட மலராது. எறும்பு என்மேல் ஏறுவதில்லை. ரேஷன் கடை மெஷின் என் விரலை எடுக்கவில்லை, ‘உங்கப்பன் விரலையே அது எடுக்கறதில்ல, நீ எதுக்கு அழுகுற’ என்றார் கடைக்காரர், நான் அழவே இல்லை. என்னைத் தன் மகனுக்குக் கேட்டிருந்த அத்தை பஸ் பிடித்து வந்து, காபி குடித்து, என் கன்னத்தைத் தொட்டுப் பார்த்துவிட்டு, ‘பையனுக்கு என்னங்கண்ணா அவசரம், படம் வந்த பொறவு பேசிக்கலாமுங்க’ என்று அப்பாவிடம் சொல்லிவிட்டு அடுத்த பஸ்ஸிலேயே போனாள். அவள் போன பிறகு அப்பா தும்மினார். நாய் எழுந்து ஓடியது. நான் பார்த்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருந்தேன், அப்போதுதான் எனக்கு முதல்முதலாகப் பயம் வந்தது.

ஏனென்றால் விட்டது விட்டபடியே இருந்தது. ஆடு பஸ்ஸில் ஏறினாலும் அது வெறும் ஆடு. டீச்சரை வழியில் பார்த்தாலும் அது ஒரு பொம்பளை நடந்து போவது. பிறகு உப்பு போனது, நாக்கில் வைத்தால் மணல். பிறகு அம்மா சேலையில் இருக்கும் நூல்மில் வாசனை போனது, அவள் பக்கத்தில் வந்து படுத்தால் யாரோ வந்து படுப்பதுபோல. ஆனால் எல்லாவற்றையும்விட என்னைப் பயமுறுத்தியது அதெல்லாம் இல்லை, ஊர் என்னோடு பழகிவிட்டதுதான். குழந்தைகளை மடியில் போடுகிறவர்கள் ‘கண்ணு, பாத்துக்கறயா?’ என்று கேட்பதை நிறுத்திவிட்டார்கள், மரநிழலில் போடுவதுபோலப் போட்டுவிட்டுப் போனார்கள். அம்மா ஒருநாள் இரண்டே தட்டு எடுத்து வைத்து, தனக்கும் அப்பாவுக்கும் சோறு போட்டு, சாப்பிட்டு, கைகழுவிய பிறகுதான் என்னைப் பார்த்தாள். வைகாசி அமாவாசைக்கு என் பள்ளிக்கூட போட்டோவுக்குப் பொட்டு வைத்திருந்தாள்.

“ஏம்மா?” என்றேன்.

“கை பழக்கத்துல வெச்சுப்போட்டேன் கண்ணு” என்று புடவையால் துடைத்தாள், துடைத்துக்கொண்டே அழுதாள், அந்த அழுகை அவள் படத்தில் அழுததைப்போல நன்றாக இல்லை. அன்றிலிருந்து வீட்டில் இருக்கிறபோதெல்லாம் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டே இருந்தாள், டிவி பார்க்கும்போதும், தூங்கும்போதும், நாடி திரும்பி வந்தால் முதலில் தனக்குத் தெரிய வேண்டும் என்பதுபோல.

மெர்சி அக்காவுக்கு நாங்கள் போன் செய்துகொண்டே இருந்தோம். அவர் சொன்னதெல்லாம் நல்ல செய்தியும் கெட்ட செய்தியுமாக ஒட்டிக்கொண்டு வந்தது. என் ஷாட்டை எடிட்டிங்கில் பார்த்துவிட்டுத் தயாரிப்பாளர் பாலரத்தினம் எழுந்து நின்றுவிட்டாராம். அந்த ஒரு ஷாட்டைக் காட்டியே படத்தை விற்றுவிட்டாராம். ஆனால் சாருக்கு அதற்குப் பிறகு எதுவும் அமையவில்லையாம். எதை எடுத்தாலும் அந்த ஷாட் பக்கத்தில் வைத்தால் நாடகம்போல இருக்கிறது என்று நாள் முழுக்கக் கையைத் தூக்காமலே உட்கார்ந்திருந்துவிட்டுப் போய்விடுகிறாராம், கதாநாயகி அழுதுகொண்டு வேனுக்குள் போனாளாம், இப்படியே இழுத்து இழுத்துக் கடைசிநாள் ஷூட்டிங் எங்கள் ஊர் வாய்க்காலில்தான் என்று ஆனது. “வந்து நில்லுங்க, நான் சொல்லிப் பார்க்கறேன்” என்றார் மெர்சி அக்கா.

அந்தக் கடைசிநாள்தான் இன்றைக்கு.

காலையிலிருந்து அவர் என் பக்கம் திரும்பவே இல்லை. வாய்க்கால் படியில் கதாநாயகியை நிற்கவைத்து எடுத்தார், தென்னந்தோப்பில் எடுத்தார், நான் எங்கே போய் நின்றாலும் எனக்கு முதுகு தெரிகிற மாதிரியே உட்கார்ந்தார். சாப்பாட்டு வேளையில் பூசணிக்காய் வந்து இறங்கியது. எனக்குப் பொறுமை போய்விட்டது. அவர் தட்டில் தயிர்சாதத்தைப் பிசைந்துகொண்டிருந்த இடத்துக்கே போய் நின்றேன்.

“சார், சிரிக்கிற ஷாட் எடுக்கணும்.”

“சஷ்மி, அதெல்லாம் ஒரு நம்பிக்கைம்மா.”

“நம்பிக்கை இல்ல சார். கையைப் புடிச்சுப் பாருங்க.”

சாதக்கையைத் துண்டில் துடைத்துவிட்டுப் பிடித்தார். மணிக்கட்டில் தேடினார், கழுத்தோரம் தேடினார். பிறகு தன் கையைத் தானே பிடித்துப் பார்த்தார், அவருக்கு இருந்தது, வேகவேகமாக ஓடிக்கொண்டிருந்தது, சட்டைக் காலரே அதிர்ந்தது. அவர் ஆச்சரியப்படுவார் என்று நினைத்தேன். அவர் ஆச்சரியப்படவில்லை.

“எனக்குத் தெரியும்” என்றார் மெல்ல. “எடிட்டிங்ல பார்த்தேன். இமையில ஈ உக்காந்திருக்கு, இமை துடிக்கல. நெஞ்சு ஏறி இறங்கல. திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தேன்.”

“பாத்துட்டுச் சும்மா இருந்தீங்களா சார்?”

“இத்தனை வருஷத்துல நான் எடுத்த ஒரே நிஜம் அதுதான் சஷ்மி. மத்ததெல்லாம்… சிரிக்கிற ஷாட்ட எடுத்தா உனக்கு மூச்சு வரும், சரி. அந்த ஷாட்டுக்குள்ளயும் வந்துடும். அப்புறம் அது ஒரு பொண்ணு படுத்துக்கிட்டு நடிக்கறதுதான். எனக்குன்னு ஒண்ணும் இருக்காது.”

“அது ஷாட் இல்ல சார்” என்றேன். “நான்.”

அவர் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். தயிர்சாதத்தில் ஈ மொய்த்தது, அவர் விரட்டவில்லை. பிறகு தட்டைத் தள்ளி வைத்துவிட்டு, “மெர்சி, பாடையைக் கட்டச் சொல்லு” என்றார்.

கட்டினார்கள். எங்கள் ஊரில் அதற்கு ஆள் தேட வேண்டியதில்லை, மூங்கிலும் கயிறும் தென்னை ஓலையும் டீ ஆறுவதற்குள் வந்துவிட்டன. அதே தேர்முட்டி, அதே இடம், அதே கேமரா, அதே சம்பங்கி மாலை மாதிரி ஒரு மாலை. பஞ்சு வைத்தார்கள், காசு வைத்தார்கள், நான் படுத்தேன், அம்மா தரையில் உட்கார்ந்து என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். ஃபிரேமில் கை வரும் என்று கேமராமேன் சொன்னார். “வரட்டுமுங்க” என்றாள் அம்மா, விடவில்லை.

சார் கையைத் தூக்கினார். நான் எழுந்து உட்கார்ந்தேன், பஞ்சை எடுத்தேன், கேமராவைப் பார்த்தேன், பல்லைக் காட்டினேன்.

கை இறங்கியது. “அது சிரிப்பு இல்ல” என்றார்.

எனக்கும் தெரியும். அது பல்.

பிறகு அவர் வாழ்க்கையில் செய்யாததைச் செய்தார், “இன்னொரு தடவை” என்றார், மெர்சி அக்கா அவரை நிமிர்ந்து பார்த்தார். இன்னொரு தடவை படுத்தேன், எழுந்தேன், பல்லைக் காட்டினேன். இன்னொரு தடவை. அவர் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று, நான் சொன்னதையெல்லாம், ஒன்றுகூட மறக்காமல், திரும்ப எனக்கே சொன்னார், ஆடு, டிக்கெட், எந்த ஊருக்கு, டீச்சர், சாக்பீஸ், அப்பா, தும்மல், நாய். அவர் சொல்லச் சொல்ல அவர் குரல்தான் நடுங்கியது, எனக்குள் எதுவும் அசையவில்லை. ஊரே களத்தில் இறங்கியது. கிட்டுச்சாமி மாமா தன் எல்லாச் சாவுகளையும் வரிசையாகச் செத்துக்காட்டினார், வெட்டுப்பட்டு விழும்போது வேட்டி அவிழ்ந்தது, எல்லாரும் சிரித்தார்கள், நான் சிரிக்கவில்லை. பூசாரி சாமியாடிக் காட்டினார், உண்மையாகவே வந்துவிட்டது, அடக்கப் போராடினார்கள். அப்பா மூக்கில் மூக்குப்பொடி போட்டுப்போட்டுத் தும்மினார், நாய் போதும் என்று வாய்க்காலைத் தாண்டியே போய்விட்டது. பிள்ளைகள் என் உள்ளங்காலில் கிச்சுக்கிச்சு மூட்டினார்கள். மரக்கட்டையைச் சுரண்டுவதுபோலத்தான் இருந்தது.

வெளிச்சம் தென்னைமரத் தலைக்கு ஏறிவிட்டது. தயாரிப்பாளர் பாலரத்தினம் காரிலிருந்து இறங்கி வந்தார், வெள்ளைச் செருப்பும் வெள்ளைச் சட்டையுமாக. “என்ன சார் விளையாட்டு இது? கேமரா இன்னிக்கு ராத்திரியே திரும்பப் போகணும். நல்ல நேரம் பார்த்து வெச்சிருக்கேன். பூசணிக்காயை உடைங்க, கிளம்பலாம்.”

“இன்னும் ஒரு ஷாட் இருக்கு.”

“எது? இதுவா? இதை எடுத்தா என் படத்துல இருக்கற ஒரே நல்ல ஷாட் போயிடும்னு நீங்களே மெர்சிகிட்டச் சொல்லல? எனக்குக் காதில்லைன்னு நினைச்சீங்களா?” என்னைப் பார்த்தார். கெட்டவர் இல்லை, பார்த்ததும் குரல் தணிந்தது. “பாப்பா, உனக்கு என்ன வேணும்னாலும் செய்யறேன். ஆனா பாரு, உனக்கு வரல. வராதத எப்படி எடுக்கறது?”

அவர் சொன்னதில் தப்பில்லை.

“கடைசியா ஒரு தடவை” என்றார் சார். கையைத் தூக்கினார். கேமரா ஓடியது. நான் எழுந்து உட்கார்ந்தேன். பல்லைக்கூடக் காட்டவில்லை, சோர்ந்துபோய்ச் சும்மா பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் கையை இறக்கவில்லை. பாலரத்தினம் சைகை செய்ய, புரொடக்‌ஷன் ஆள் கற்பூரத்தைக் கொளுத்தி, பூசணிக்காயைக் கொண்டுவந்து, தூக்கியிருந்த அந்த உள்ளங்கையிலேயே வைத்துவிட்டார். வழக்கத்தில் டைரக்டர்தான் உடைக்க வேண்டும். கனம் தாங்காமல் அவர் மறுகையையும் தூக்கிப் பிடித்துக்கொண்டார். அப்படியே நின்றார், தலைக்கு மேலே பூசணிக்காய், அதற்கு மேலே தீ.

“சுத்திப் போடுங்க சார்” என்றார் பாலரத்தினம்.

கேமராமேன் ஒரு கண்ணால் என்னையும் ஒரு கண்ணால் கையையும் பார்த்தார். கை மேலேதான் இருந்தது. கேமரா ஓடிக்கொண்டுதான் இருந்தது.

அப்போது பூசணிக்காய் சற்றே சாய்ந்தது. எரிகிற கற்பூரக் கட்டி ஒன்று உருண்டு அவர் முழங்கையில் விழுந்து, சட்டைக் கைக்குள்ளே போனது. “அய்யய்யோ” என்றார் டைரக்டர் அருமைநாயகம் சார், ஒரு காலைத் தூக்கினார், அதை வைத்துவிட்டு மறுகாலைத் தூக்கினார், இடுப்பை ஒரு பக்கம் வெட்டினார், மறுபக்கம் வெட்டினார், சட்டைக்குள்ளிருந்து புகை வந்தது, கண்ணாடி ஒரு காதில் தொங்கியது, வாயில் பாதிக் கடலைமிட்டாய் இருந்தது வெளியே தெரிந்தது. கைகள் மட்டும் கல்லில் செதுக்கியதுபோல மேலேயே இருக்க, மிச்ச உடம்பு முழுக்க மாரியம்மன் பண்டிகைக்குக் கம்பத்தைச் சுற்றி ஆடுகிறவர்களைப்போல ஆடிக்கொண்டிருந்தது. இதை நான் அவரிடம் சொன்னதே இல்லை. இதை விட்டுவிடு என்று அவர் என்னிடம் சொல்லவும் இல்லை.

“சார், காயைக் கீழ போடுங்க சார்!” என்று கத்தினார் மெர்சி அக்கா.

“உடைங்க சார், உடைங்க!” என்றார் பாலரத்தினம்.

“அட, கைய எறக்குங்க சாமி, வெந்துபோவீங்க!” என்று கிட்டுச்சாமி மாமாவும் பூசாரியும் நர்ஸ் அக்காவும் மொத்த மேட்டுவாய்க்காலும் கத்தியது.

என் தொண்டையில் என்னவோ முட்டியது, இருமல் மாதிரி, ஆனால் இருமல் இல்லை. அம்மாவின் பிடி என் மணிக்கட்டில் திடீரென்று இறுகியது. நான் அவளைத் திரும்பிப் பார்க்கவில்லை, கேமராவுக்குப் பக்கத்தில் ஆடிக்கொண்டிருந்த அவரையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவரும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார், கண்ணில் தண்ணீர் கொட்ட, பல்லைக் கடித்துக்கொண்டு. போடுங்க, போடுங்க என்று எல்லாரும் சொன்னார்கள்.

அவர் போடவில்லை.